மஞ்சள் மேட்டில் ஒரு கிருமி

தன் மருந்து நன்றாக வேலை செய்கிறது என்று சாட்சிக் கூண்டில் நின்று சொல்ல வேண்டி வந்த அன்றுதான், குமுதவல்லிக்கு அந்த மருந்தின் மேல் முதன்முதலாகப் பயம் வந்தது.

வழக்கின் எதிர்த்தரப்பு நிறுவனத்தின் வக்கீல் அதிகம் கேட்கவில்லை. ஓடைச்சேரி மக்களின் ரத்தத்தில் இப்போது குரோமியம் இருக்கிறதா என்று கேட்டார். இல்லை என்றாள். பிள்ளைகளுக்குச் சிறுநீரகக் கோளாறு வருகிறதா? இப்போது வருவதில்லை. அதற்கு நீங்கள் உருவாக்கிய மாத்திரைதானே காரணம்? ஆமாம். அவர் நன்றி சொல்லி உட்கார்ந்துவிட்டார். பாதிப்பே இல்லாத ஊரில் எதற்காகக் கோடிக்கணக்கில் செலவழித்து ஒரு கழிவு மேட்டை அள்ள வேண்டும் என்று தீர்ப்பாயம் தானே கேட்டுக்கொண்டது. வழக்கு ஒத்திவைக்கப்பட்டது. புதிதாக ஏதாவது பாதிப்பைக் காட்ட முடிந்தால் வரலாம் என்றார்கள்.

ஓடைச்சேரி பாலாற்றங்கரையில் இருக்கிறது. தோல் பதனிடும் பட்டறைகளுக்குக் குரோமிய உப்பு தயாரித்த தொழிற்சாலை ஒன்று அங்கே முன்பு ஓடியது. மூடிவிட்டுப் போகும்போது, தலைமுறைக்கணக்கில் சேர்ந்த கழிவை அப்படியே மலையாக விட்டுப் போய்விட்டார்கள். மழை பெய்தால் அதன் அடியிலிருந்து எலுமிச்சைச் சாறு போல மஞ்சள் நீர் வழியும். ஊர் அதை மஞ்சள் மேடு என்றது. கிணறுகளிலும் அதே மஞ்சள் ஊறியது. கைகால்களில் ஆறாத புண், வயிற்றுப் புண், பிள்ளைகளுக்கு வீங்கிய முகம். அந்தத் தொழிற்சாலையில் வேலை செய்தவர்களுக்கு மூக்கின் நடுத்தண்டு அரித்து ஓட்டை விழுந்திருக்கும். பவளக்கொடியின் கணவர் தன் மூக்கின் ஒரு துவாரத்தில் நூலை விட்டு மறு துவாரத்தில் எடுத்துக் காட்டி, குழந்தைகளைச் சிரிக்கவைப்பாராம். நுரையீரல் புற்றுநோயில் போனார். அவர் போன பிறகுதான் பவளக்கொடி வழக்குப் போட்டாள். செருப்புக் கம்பெனியில் மேல்தோல் தைக்கும் வேலையில் இருந்தவள், பிறகு வார்டு கவுன்சிலர் ஆனாள். வழக்கில் முதல் பெயர் அவளுடையது.

குமுதவல்லி நுண்ணுயிரியல் ஆராய்ச்சிக்காக அந்த ஊருக்கு வந்து, அங்கேயே ஒரு சிறிய ஆய்வுக்கூடம் வைத்துத் தங்கிவிட்டவள். அவள் வந்த புதிதில் பவளக்கொடி கேட்ட கேள்வி அவளுக்கு இன்றும் நினைவிருக்கிறது.

"எவர்சில்வர் தட்டுல கூட இந்தக் குரோமியம்தான் கீதுன்றீங்க. பைக்கு ஹேண்டில்பாரு பளபளன்னு இருக்கறதும் அதான்றீங்க. தோலைப் பதப்படுத்தறதும் அதேதான். அப்ப எங்க கெணத்துல மட்டும் இன்னாத்துக்கு வெஷமா இருக்குது?"

"எல்லாம் ஒரே தனிமம்தான் அக்கா. தன்கிட்ட இருந்த எலக்ட்ரான்ல எத்தனையைப் பறிகொடுத்திருக்குன்னு பாக்கணும். மூணு போயிருந்தா சாதுவாக் கிடக்கும். பச்சையா இருக்கும், உடம்பு அதை உள்ள விடாம வெளிய தள்ளிடும். ஆறு போயிருந்தா மஞ்சளா மாறி, பசி பிடிச்ச மாதிரி அலையும். உடம்புக்குள்ள புகுந்து, கிடைச்ச இடத்துல எல்லாம் பிடுங்கும்."

"பிடுங்கறதுக்கு முன்னாடி நம்மளே கேட்டதைக் குடுத்துட்டா?"

"சாதுவாயிடும். அதைக் குடுக்கிற ஒரு கிருமியைத்தான் செஞ்சுக்கிட்டு இருக்கேன்."

அந்தக் கிருமி மாத்திரையாக வந்தது. குடலில் இருந்துகொண்டு, குடிக்கிற தண்ணீரில் வரும் மஞ்சள் குரோமியத்தைப் பச்சையாக மாற்றி வெளியே அனுப்பியது. செயற்கையாகத் திருத்தப்பட்ட உயிர் என்பதால் குமுதவல்லி அதற்கு ஒரு கடிவாளமும் வைத்திருந்தாள். மாத்திரையில் சேர்த்திருக்கும் ஒரு சத்து இல்லாமல் அதனால் பிழைக்க முடியாது. வாரம் ஒரு மாத்திரை; குமுதவல்லியும் ஊரோடு சேர்ந்து போட்டுக்கொண்டாள். நிறுத்தினால் சில நாட்களில் கிருமி செத்துவிடும். ஊரில் புண்கள் ஆறின. பிள்ளைகளின் முகம் வடிந்தது. அந்தச் சமயத்தில் குமுதவல்லியை ஓடைச்சேரியில் எந்த வீட்டிலும் சாப்பிடாமல் அனுப்பியதில்லை.

அவளுடைய ஆராய்ச்சிக்குப் பணம் கொடுத்த அமைப்பு, மாத்திரை தயாரிக்கும் உரிமையை விற்றது. வாங்கியது யார் என்று பிறகுதான் தெரிந்தது. மேட்டைக் கொட்டிவிட்டுப் போன அதே நிறுவனம். ஓடைச்சேரிக்கு இலவசமாகக் கொடுத்தார்கள், இதே போல விஷநீர் குடிக்கும் மற்ற ஊர்களுக்கு அரசு வழியாக விற்றார்கள். அதுவரை அவளுக்கு அதில் தவறு ஒன்றும் தெரியவில்லை. கூண்டில் நின்று ஆமாம், ஆமாம் என்று சொன்னபோதுதான் விளங்கியது.

இதைவிட மோசமான செய்தியை வக்கீல் இம்தியாஸ் கொண்டுவந்தார். பவளக்கொடியின் வழக்கை ஆரம்பத்திலிருந்து நடத்துபவர் அவர். குடிநீரில் எவ்வளவு குரோமியம் இருக்கலாம் என்ற வரம்பை, மாத்திரை கொடுக்கப்படும் ஊர்களுக்கு மட்டும் இருபது மடங்கு உயர்த்தலாமா என்று மத்தியில் யோசிக்கிறார்களாம். அப்படி வந்துவிட்டால் எந்த ஆலையும் கழிவைச் சுத்திகரிக்க வேண்டியதில்லை. சுற்றியிருக்கும் மனிதர்களின் வயிறே சுத்திகரிப்பு நிலையம்.

பவளக்கொடி அதைக் கேட்டுவிட்டு உடனே ஒரு முடிவுக்கு வந்தாள். அவளும் அவளைப் போன்ற வயதானவர்கள் சிலரும் மாத்திரையை நிறுத்திவிடுவார்கள். உடம்பு கெட்டால் அதைக் கொண்டுபோய்த் தீர்ப்பாயத்தில் காட்டட்டும் என்றாள். குமுதவல்லி ஒரேயடியாக மறுத்தாள். நன்றாக இருப்பவர்களை நோயாளியாக்கிச் சாட்சி தேட எந்த ஆராய்ச்சி விதியும் இடம் தராது என்றாள். பவளக்கொடி விடாமல் வாதாடினாள். கடைசியில் குமுதவல்லி சொன்னாள்:

"நிறுத்தித்தான் ஆகணும்னா நான் நிறுத்துறேன். என் உடம்பு மேல எனக்கு உரிமை இருக்கு. யாரும் கேக்க முடியாது."

இம்தியாஸ் எவ்வளவோ சொல்லிப் பார்த்தார். அவள் கேட்கவில்லை. மேட்டை ஒட்டி, யாரும் குடியிருக்க விரும்பாத ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்தாள். மாத்திரையை நிறுத்தினாள். அந்த வீட்டுக் கிணற்று நீரையே குடித்தாள், சமைத்தாள், குளித்தாள். கண்ணாடி டம்ளரில் ஊற்றினால் அது வெளிறிய மஞ்சளாகத் தெரியும். முதல் நாள் அதை வாயருகே கொண்டுபோய் மறுபடி கீழே வைத்ததைப் பவளக்கொடி பார்த்துவிட்டாள். அன்று முழுக்க அவளுடனேயே இருந்தாள்.

வாரங்கள் போயின. தோலில் அரிப்பு வந்தது, ஆனால் உள்ளே ஒன்றும் ஆகவில்லை. ரத்தத்தைப் பரிசோதித்தாள். சுத்தமாக இருந்தது. கருவி கெட்டுவிட்டது என்று நினைத்து வேறு ஊருக்கு அனுப்பிப் பார்த்தாள். அங்கேயும் அதே முடிவு. பிறகு செய்ய வேண்டிய பரிசோதனை ஒன்றுதான் மிச்சமிருந்தது. தன் மலத்தை எடுத்து நுண்ணோக்கியில் பார்த்தாள். செத்துப்போயிருக்க வேண்டிய கிருமி கூட்டம் கூட்டமாக அசைந்துகொண்டிருந்தது.

அவள் வைத்த கடிவாளத்தை அது அறுத்துவிட்டிருந்தது. மாத்திரையின் சத்து இல்லாமலே வாழக் கற்றிருந்தது. நாம் ஆக்சிஜனைச் சுவாசிப்பது போல, அது மஞ்சள் குரோமியத்தைச் சுவாசித்து உயிர்வாழ்ந்தது.

அடுத்த சில நாட்கள் அவள் பைத்தியம் பிடித்தவள் போல அலைந்தாள். கிணற்றுச் சேற்றில் இருந்தது. மேட்டில் மேயும் ஆடுகளின் புழுக்கையில் இருந்தது. மாத்திரையே போடாத கைக்குழந்தைகளிடமும் இருந்தது. ஆனால் ஊரைவிட்டுப் பெங்களூருக்கும் சென்னைக்கும் வேலைக்குப் போனவர்களிடம் இல்லை. நல்ல தண்ணீர் குடிக்கிற உடம்பில் மூச்சு விட வழியின்றி அது செத்துவிடுகிறது.

இம்தியாஸையும் பவளக்கொடியையும் உட்காரவைத்து எல்லாவற்றையும் சொன்னாள். பவளக்கொடிக்கு முதலில் மகிழ்ச்சிதான். இனிமேல் நிறுவனத்திடம் மாத்திரைக்குக் கையேந்த வேண்டாமே என்றாள். ஆனால் அப்படியென்றால் பாதிப்பைக் காட்டவே இனி வழியில்லை என்று புரிந்ததும் அவள் முகம் மாறியது. கிருமி ஊரோடு ஊராகக் குடியேறிவிட்டது. மேடும் அப்படியே நிற்கும்.

இம்தியாஸ் தன் வழக்குக் கட்டைப் புரட்டினார். பிறகு, கிருமி வெளியே பரவிவிட்டது என்பதை எழுத்துப்பூர்வமாகச் சொல்லத் தயாரா என்று குமுதவல்லியைக் கேட்டார். ஏன் என்றாள்.

"மனுஷனுக்குக் கெடுதல்னா நாமதான் நிரூபிக்கணும், மேடம். இத்தனை வருஷமா அதுலதான் தோத்துக்கிட்டு இருக்கோம். ஆனா திருத்தின உயிர் ஒண்ணு கட்டுப்பாட்டை மீறி வெளிய வந்துட்டா சட்டமே வேற. மாத்திரை உரிமம் வெச்சிருக்கறவன் அதை வேரோட அழிக்கணும். அது எதைத் தின்னு வாழுதோ அதையும் சேத்து. செலவு முழுக்க அவனோடது."

"அது வாழுறது மேட்டுல" என்றாள் குமுதவல்லி மெதுவாக.

"ஆமா. அதனாலதான் கேக்கறேன்."

அதன் விலை என்ன என்பதையும் அவர் மறைக்கவில்லை. கிருமியைச் செய்தவள் அவள். அவளுடைய ஆய்வுக்கூடத்துக்கு முத்திரை வைப்பார்கள், அவள் மேலும் வழக்கு வரும். அதைவிடப் பெரியது ஊருக்கு. ஓடைச்சேரியைத் தொற்றுப் பகுதி என்று அறிவிப்பார்கள். யாரும் வெளியே போகவோ உள்ளே வரவோ முடியாது. மேட்டைத் தொடுவதற்கு முன்பே ஊர் மக்களுக்கு மருந்து கொடுத்துக் கிருமியைக் கொல்லப் பார்ப்பார்கள். அப்படி நடந்தால் பிள்ளைகள் பாதுகாப்பின்றி அந்தத் தண்ணீரைக் குடிக்க நேரும்.

குமுதவல்லி தன்னைப் பற்றி யோசிக்க அதிக நேரம் எடுத்துக்கொள்ளவில்லை. ஊருக்காக முடிவு செய்ய மட்டும் தனக்கு உரிமையில்லை என்றாள். பவளக்கொடி ஊரைக் கூட்டினாள். கல்யாண மண்டபம் நிறைந்து வாசல் வரை ஆட்கள் நின்றார்கள்.

குமுதவல்லி எதையும் சுற்றி வளைக்காமல் சொல்லி முடித்ததும் ஒரு இளம் தாய் எழுந்தாள். கையில் குழந்தை. என் பிள்ளையை நோய் பரப்புகிறவன் என்று ஊருலகத்துக்குச் சொல்லப் போகிறீர்களா என்று கேட்டாள். ஆமாம், அப்படித்தான் சொல்ல வேண்டியிருக்கும் என்றாள் குமுதவல்லி. இந்தக் கிருமி கெட்டதா? இதுவரை நல்லதுதான் செய்திருக்கிறது. அப்புறம் எதற்கு? பவளக்கொடி எழுந்து நின்றாள்.

"நம்ம வூட்டு ஆம்பளைங்க செத்தப்ப யாரும் வரல. புள்ளைங்க மொகம் வீங்கினப்ப வரல. இப்ப ஒரு கிருமிக்கோசரம் வருவாங்கன்னா, வரட்டும். இன்னா பேரு வெச்சாலும் வாங்கிக்கலாம். ஆனா ஒண்ணு. மேட்டை அள்ற வரைக்கும் நம்ம வயித்துல யாரும் கை வெக்கக் கூடாது. அதுக்கு ஒத்துக்கறவங்க கையத் தூக்குங்க."

உடனே எல்லோரும் தூக்கிவிடவில்லை. சிலர் எழுந்து வெளியே போனார்கள். அந்த இளம் தாய் குழந்தையை இடுப்பு மாற்றிக்கொண்டு, மற்றவர்களைப் பார்த்தாள். பிறகு அவள் கையும் உயர்ந்தது.

சொன்னதெல்லாம் நடந்தது. ஊர் எல்லையில் தடுப்பு வைத்தார்கள். பேருந்துகள் ஓடைச்சேரி நிறுத்தத்தில் நிற்காமல் போயின. செருப்புக் கம்பெனிகள் அந்த ஊர்ப் பெண்களை வேலைக்கு வரவேண்டாம் என்றன. பால் வாங்க மறுத்தார்கள், ஆடுகளை வாங்க மறுத்தார்கள். நிச்சயமான கல்யாணங்கள் நின்றன. பவளக்கொடியின் மகளுக்கு ஓசூரில் குழந்தை பிறந்தது. பேத்தியை அவள் கைபேசியில்தான் பார்த்தாள். அன்று மட்டும் அவள் வீட்டைவிட்டு வெளியே வரவில்லை. மறுநாள் வழக்கம்போலத் தடுப்பருகே வந்து, அரசு அனுப்பிய அரிசியை வீடுவீடாகப் பிரித்தாள்.

எதிர்பார்த்தது போலவே மருந்து கொடுக்க ஒரு குழு வந்தது. ஊரே வண்டிகளின் முன் உட்கார்ந்துவிட்டது. மக்களிடம் கிருமியைக் கொன்றாலும் அடுத்த வாரமே கிணற்று நீரிலிருந்து மறுபடி ஏறிவிடும் என்று குமுதவல்லி காணொளி வழியாகத் தீர்ப்பாயத்துக்கு விளக்கினாள். மேடு இருக்கும் வரை மனிதர்களுக்கு மருந்து கொடுப்பது வீண் வேலை. நிறுவனத்தின் வக்கீல் இந்த முறை வேறு பக்கத்திலிருந்து பேசினார். இந்தக் கிருமி யாருக்கும் தீங்கு செய்ததில்லை, இத்தனை ஆண்டுகளாக நன்மைதான் செய்கிறது, இதை உருவாக்கியவரே அப்படிச் சாட்சி சொல்லியிருக்கிறார் என்றார். நீதிபதி திரையில் தெரிந்த குமுதவல்லியைப் பார்த்து, உங்கள் உயிரி ஆபத்தில்லாதது என்று உறுதி சொல்ல முடியுமா என்று கேட்டார்.

ஒரு வார்த்தையில் பயமுறுத்திவிடலாம். அப்படிச் செய்ய அவளுக்கு மனம் வரவில்லை. பிள்ளைகளைக் காப்பாற்றிய உயிர் அது. இருந்ததை இருந்தபடி சொன்னாள்.

"தெரியாது, ஐயா. நான் வெச்ச கட்டுப்பாட்டை அது மீறும்னு நான் நினைக்கல. மீறிடுச்சு. அடுத்து எப்படி மாறும்னு எனக்கும் தெரியாது, அவங்களுக்கும் தெரியாது. இதுவரைக்கும் அது கெடுதல் பண்ணல. அவ்வளவுதான் சொல்ல முடியும்."

தெரியாது என்ற அந்த ஒரு சொல்லுக்கே சட்டம் அசைந்தது. மனிதர்கள் செத்தது தெரிந்தும் அசையாத சட்டம். உயிரியையும் அது வாழும் கழிவையும் முழுவதுமாக அகற்ற வேண்டும், அதுவரை ஊருக்கு வெளியிலிருந்து நல்ல குடிநீர் தர வேண்டும் என்று உத்தரவு வந்தது.

இரண்டு மழைக்காலம் ஆயிற்று. தார்ப்பாய் போர்த்திய லாரிகள் வரிசையாக வந்து மேட்டை அள்ளிப் போயின. கொண்டுபோன இடத்தில் பெரிய உலைகளில் அதை வறுத்து, மஞ்சளைப் பச்சையாக்கி, மூடிய குழிகளில் புதைத்தார்கள். மண்ணைத் தோண்டி எடுத்தார்கள், கிணறுகளை இறைத்து இறைத்துக் கழுவினார்கள். தண்ணீரில் மஞ்சள் குறையக் குறையக் கிருமியும் குறைந்தது. கடைசியில் ஒரு கிணற்றிலும் இல்லை, ஒரு குழந்தையிடமும் இல்லை. தடுப்புகளை எடுத்தார்கள். பவளக்கொடி முதல் பேருந்தில் ஓசூருக்குப் போனாள்.

இறுதி உத்தரவை இம்தியாஸ் படித்துக் காட்டினார். கட்டுப்பாடு மீறிய உயிரி ஓடைச்சேரியில் முற்றிலும் ஒழிக்கப்பட்டது என்று இருந்தது. அந்த ஊரில் மனிதர்கள் வாழ்ந்தார்கள் என்பதற்கு அதில் ஒரு வரி கூட இல்லை. பவளக்கொடி கேட்டுவிட்டு, அதைப் படித்தா தாகம் தீரப்போகிறது என்றாள்.

குமுதவல்லிக்கு அபராதமும், திருத்தப்பட்ட எந்த உயிரையும் இனி அவள் கையாளக் கூடாது என்ற வாழ்நாள் தடையும் விதித்தார்கள். ஆய்வுக்கூடம் போயிற்று. வேறு ஊருக்குப் போகச் சொல்லி அவள் அண்ணன் கூப்பிட்டார். அவள் போகவில்லை. ஊர்ப் பள்ளியில் பிள்ளைகளுக்கு வேதியியல் சொல்லிக்கொடுத்தாள். ஒரு வேலையும் இல்லாத மாலைகளில் அந்தக் கிருமியை நினைத்துக்கொள்வாள். அவள் செய்தவற்றிலேயே சிறந்தது அதுதான். அதைத் தன் வாயாலேயே கொன்றிருந்தாள். அந்த வருத்தத்தை அவள் யாரிடமும் சொல்லவில்லை. பவளக்கொடிக்கு மட்டும் தெரிந்திருந்தது.

ஒருநாள் காலையில், பள்ளி விடுமுறையாக இருந்தபோது, திண்டுக்கல் பக்கத்திலிருந்து ஒரு பெண் அவள் வீட்டைத் தேடி வந்தாள். பெயர் ஜெபராணி என்றாள். அவள் ஊர் பாறைக்குளம். அங்கேயும் பழைய தோல் பட்டறைக் கழிவு மேடு உண்டு, உத்தரவு ஓடைச்சேரிக்கு மட்டும் என்பதால் அங்கே இன்னும் அதே மாத்திரைதான் கொடுக்கிறார்கள். பவளக்கொடியும் அப்போது அங்கே இருந்தாள். தண்ணீர் குடித்துவிட்டு, வந்த பெண் சற்றுத் தயங்கினாள். பிறகு கேட்டாள்.

"அந்தக் கிருமி கொஞ்சம் கெடைக்குங்களா டாக்டர்? எங்க கெணத்துல விட்டுட்டா எங்க மேட்டையும் அள்ளிருவாங்கன்னு பேசிக்கிட்டோம்."

அது பெரிய குற்றம் என்று குமுதவல்லி அவளுக்கு விளக்கினாள். யாராவது அப்படிக் கொண்டுபோய் விட்டால் விட்டவர்கள்தான் சிறைக்குப் போவார்கள், நிறுவனம் தப்பித்துக்கொள்ளும். அதோடு, கொடுப்பதற்கும் ஒன்றும் மிச்சமில்லை, இங்கே எல்லாம் அழிந்துவிட்டது என்றாள். ஜெபராணி தலையைக் குனிந்துகொண்டாள். அவ்வளவு தூரம் வந்தவளை வெறுங்கையோடு அனுப்புகிறோமே என்று குமுதவல்லிக்கு இருந்தது. பேச்சை மாற்றுவதற்காக, மாத்திரை ஒழுங்காக வருகிறதா என்று கேட்டாள்.

"வருதுங்க. போன வருசம் மழையில பாலம் போயிட்டப்ப மட்டும் மாசக்கணக்கா வரலைங்க. ரொம்பப் பயந்துட்டோம். ஆனா யாருக்கும் ஒண்ணும் ஆகலைங்க. அந்தோணியாரு காப்பாத்திட்டாருன்னு பொங்கல் வெச்சோம்."

குமுதவல்லி மெதுவாகத் திரும்பிப் பவளக்கொடியைப் பார்த்தாள். பவளக்கொடி ஏற்கெனவே அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீங்க கொண்டுபோக வேண்டியதில்லம்மா" என்றாள் குமுதவல்லி. "தேடிப் பாத்தாப் போதும்னு நினைக்கிறேன். கிணத்து அடிச் சேத்தை எடுத்து, அரசு ஆய்வுக்கூடத்துக்கு அனுப்பணும். எப்படி எடுக்கணும்னு சொல்லித் தர்றேன். நான் அதைத் தொடக் கூடாது."

"நான் தொடலாமில்ல?" என்றாள் பவளக்கொடி.

அவள் அதற்குள் எழுந்துவிட்டாள். வீட்டுக்குப் போய் ஒரு மாற்றுப் புடவை எடுத்துக்கொண்டு வருவதாகச் சொன்னாள். வாசல் வரை போனவள் ஜெபராணியைத் திரும்பிப் பார்த்து, திண்டுக்கல்லுக்கு அடுத்த பஸ் எப்போது என்று கேட்டாள்.